அஞ்சலை, உன் புனா துளிர்த்துவிட்டது

என் அஞ்சலைப் புள்ளைக்கு,

முப்பத்தாறு வருஷம் ஒரே வீட்டில் இருந்தோம். உனக்கு நான் ஒரு கடிதம்கூட எழுதியதில்லை. எழுத வேண்டிய தூரத்துக்கு நீ போனதே கிடையாது. இப்போது போய்விட்டாய். ஒன்றரை வருஷம் ஆகிறது. தினமும் காலையில் உன் படத்துக்கு முன்னால் நின்று நான் சொல்வதையெல்லாம் எழுதி வைக்கச் சொன்னது நம் மகள் தேவிதான். நாலு பேர் படித்தால் படிக்கட்டும் என்கிறாள். படிக்கட்டும்.

முதலில் நல்ல செய்தியைச் சொல்லிவிடுகிறேன். நீ பிரிட்ஜில் வைத்துவிட்டுப் போன விதைகளில் ஒன்று செடியாகி நிற்கிறது. உயரம் ஒரு சாண்கூட இல்லை. ஆனால் போன பங்குனியில் அது இரண்டாவது தடவையாக இலை விட்டது. இலை உதிர்த்து, தூங்கி, எழுந்து இலை விட்டது. அதற்குள் இந்த வீட்டில் என்னென்ன நடந்தது என்று யார் உனக்குச் சொல்லியிருப்பார்கள்?

அந்த விதைகளை நீ கொண்டுவந்த சாயங்காலம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. ஈப்போவிலிருந்து பத்து காஜா ஊருக்குப் போகும் சாலையில் நீ வேலை பார்த்த செடிக்கடையின் சீன முதலாளி, நம் தவுக்கே, அனுமதி எல்லாம் வாங்கி ஜப்பானிலிருந்து அவற்றை வரவழைத்திருந்தார். பீச் என்று ஒரு மரவகை. அதில் ஜப்பான் மலைகளில் வளர்வதை அந்த ஊர்க்காரர்கள் புனா என்பார்களாம். தொட்டியில் குட்டை மரம் வளர்க்கும் வாடிக்கையாளர்களுக்காக வாங்கியவர், வந்த அன்றே தட்டில் மண் போட்டு விதைத்துவிட்டார். ஒன்றுகூட முளைக்கவில்லை. மிச்சமிருந்த ஒரு கைப்பிடியைக் குப்பையில் கொட்டப் போனபோதுதான் நீ கேட்டிருக்கிறாய்.

விதை குளிர்காலத்தைக் கடந்து வந்தால்தான் முளைக்கும் என்று பொட்டலத்தில் எழுதியிருந்ததாம். நம்ம ஊரில் குளிருக்கு எங்கே போவது என்று தவுக்கே சிரித்தாராம். வீட்டுக்கு வந்து, செருப்பைக் கழற்றும்போதே நீ அதைச் சொன்னாய். "நம்ம வீட்டு பிரிட்ஜுல இருக்குதே தவுக்கேன்னு சொல்லிட்டேங்க."

மார்ஜரின் டப்பாவில் ஈர மணலைப் பரப்பினாய். பதின்மூன்று விதைகள். மூன்று பட்டை வைத்த, பழுப்பான சின்ன விதைகள். அவற்றை ஒவ்வொன்றாகப் புதைத்து மூடிபோட்டு, தோசை மாவுக்குப் பின்னால் தள்ளி வைத்தாய். இந்த மரத்தை வைத்து என்ன செய்யப் போகிறாய் என்று கேட்டேன். "இது இலை கொட்டுற மரமாம். நான் இலை கொட்டுற மரத்தோட பொழங்குனவதானே" என்றாய். அவ்வளவுதான். நான் செய்தி பார்க்கப் போய்விட்டேன்.

நீ தோட்டத்து நாற்றங்காலில் பதினாறு வயதிலிருந்து ரப்பர் கன்றுக்கு ஒட்டுக் கட்டியவள். ரப்பர் மரம் வருஷத்துக்கு ஒருமுறை சிவந்து, மொத்தமாக இலை கொட்டி நிற்கும். தோட்டத்தை அழித்து எண்ணெய்க்குச் செம்பனை போட்ட பிறகு நமக்கு அந்தக் காட்சி இல்லை. செம்பனை எந்த மாதத்திலும் ஒரே மாதிரிதான் நிற்கிறது. அது உனக்கு ஒரு குறையாக இருந்தது என்று நீ ஒருநாளும் சொன்னதில்லையே. சொல்லியிருந்தால் நான் காதில் வாங்கியிருப்பேனா?

அது கார்த்திகை மாதம். தையில் நீ போய்விட்டாய்.

உன் பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், சொந்தக்காரப் பெண்கள் எல்லாரும் சேர்ந்து வீட்டைக் கழுவினார்கள். உன் அண்ணி பிரிட்ஜைச் சுத்தம் செய்தாள். கெட்டுப்போனதையெல்லாம் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டே வந்தவள், அந்த டப்பாவைத் திறந்து பார்த்து முகம் சுளித்தாள். மணலும் கறுத்த விதையும் அவளுக்கு என்னவாகத் தெரிந்திருக்கும்? பையில் போட்டுவிட்டாள். நான் கூடத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். எழுந்து போய்ப் பைக்குள் கைவிட்டு எடுத்தேன். கையெல்லாம் பழைய குழம்பு.

மூடியில் காயத்துக்கு ஒட்டும் பிளாஸ்திரியில் நீ எழுதி ஒட்டியிருந்தாய். 'மாசி கடைசி வரைக்கும் தொடாதீங்க.' தேவி என் கையிலிருந்து டப்பாவை வாங்கி அதைப் படித்தாள். படித்துவிட்டு அடுப்பங்கரைச் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்து அழுதாள். உன் சவத்தின் பக்கத்தில்கூட அவள் அப்படி அழவில்லை. பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு, டப்பாவை இருந்த இடத்திலேயே வைத்துக் கதவைச் சாத்தினாள். என்னோடு பேசவில்லை.

அவளுக்கு என்மேல் கோபம். அது உனக்குத் தெரியாது. நீ இருந்தவரை அவள் என்னிடம் முகம் திருப்பியதில்லை.

மார்கழியில் நீ மூன்று தடவை என்னிடம் சொன்னாய். பூந்தொட்டியைத் தூக்கினால் மூச்சு வாங்குகிறது என்றாய். கோயில் படியேறினால் நெஞ்சு அடைக்கிறது என்றாய். மூன்றாவது தடவை என்ன சொன்னாய் என்று எனக்கு நினைவில்லை, அஞ்சலை. நான் சொன்னது மட்டும் நினைவிருக்கிறது. "வெயில் லா. கொஞ்சம் படுத்தா சரியாப் போயிரும்." தையில் ஒரு காலை, கடையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டே விழுந்தாய். ஆஸ்பத்திரியில் இரண்டு நாள். இருதயம் ரொம்ப நாளாகவே களைத்திருந்தது என்று டாக்டர் சொன்னார். தேவி அவரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தாள்.

அவள் பினாங்கில் தன் பேக்டரி வேலைக்குத் திரும்பிப் போன பிறகு ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கூப்பிடுவாள். சாப்பிட்டீங்களா, பிரஷர் மாத்திரை போட்டீங்களா, வீட்டுக்கு ஏதும் வேணுமா. மூன்று கேள்வி, மூன்று பதில். பிறகு போனை வைத்துவிடுவாள்.

மாசி கடைசி நாள் வந்தது. காலண்டரில் குறித்து வைத்திருந்தேன். பேக்டரி பஸ் ஓட்டிய காலத்தில்கூட நான் நாட்களை அப்படி எண்ணியதில்லை. காலை டீ குடித்துவிட்டு, கையைச் சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு டப்பாவைத் திறந்தேன்.

மணலைப் பிளந்துகொண்டு வெள்ளை வெள்ளையாக முளை. ஊறவைத்த பயறு மூக்கு நீட்டுமே, அப்படி. எண்ணினேன். ஏழு.

எனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. ஹேண்ட்போனில் படம் எடுத்துத் தேவிக்கு அனுப்பினேன். அன்று புதன்கிழமை, அவள் வேலை நேரம். ஒரு நிமிஷத்தில் கூப்பிட்டாள். "எத்தனைப்பா?" என்றாள். ஏழு என்றேன். பின்னால் மெஷின் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது. "தொடாதீங்க. எப்படி நடணும்னு பார்த்துச் சொல்றேன்" என்றாள். அன்றைக்குச் சாப்பிட்டீங்களா என்று கேட்க அவளுக்கு மறந்துவிட்டது.

நான் டப்பாவை மோட்டார் சைக்கிள் கூடையில் வைத்துக்கொண்டு உன் தவுக்கேயிடம் போனேன். அவர் மூடியில் இருந்த உன் எழுத்தைத் தொட்டுப் பார்த்தார். அவருக்குத் தமிழ் படிக்கத் தெரியாது. ஆனால் யார் எழுத்து என்று தெரிந்தது. மூங்கில் புதருக்கு அடியில் மக்கிய இலைமண்ணைத் தானே அள்ளிக் கொடுத்தார். பொறுமை இல்லாமல் போட்டுவிட்டேன், உன் பெண்டாட்டி பொறுத்தாள் என்று மலாயில் சொன்னார்.

ஏழில் நாலு எழுந்து நின்றன. முதலில் வருவது இலை மாதிரியே இல்லை, அஞ்சலை. இரண்டு பக்கமும் சின்ன விசிறி விரித்த மாதிரி, தடிப்பாக, அகலமாக இருந்தது. அதற்கு நடுவிலிருந்துதான் நிஜமான இலை வந்தது. ஓரம் லேசாக அலையடித்து, நரம்பெல்லாம் வரிசையாகக் கோடு போட்டது போல. குளியலறையின் வெளிச்சுவரோரம் காலை வெயில் மட்டும் படும் இடத்தில் வைத்தேன். நீ மிளகாய்ச் செடி வைத்திருந்த இடம்தான். மிளகாய்ச் செடி கோபித்துக்கொண்டிருக்காது.

ஒன்றை நத்தை தின்றது. ஒன்று தண்டு அழுகிச் சாய்ந்தது. மிச்சம் இரண்டு. ஈப்போ வெயிலில் இரண்டுக்கும் இலை ஓரம் கருகியது. நான் பழைய கோயில் வேட்டியைக் கட்டி நிழல் போட்டேன். எதிர்வீட்டு அக்கா, "என்ன அண்ணே, பந்தல் போட்டு யாருக்குக் கல்யாணம்?" என்று கேட்டாள்.

தீபாவளிக்கு முன்னால் இரண்டும் பழுப்பாகிவிட்டன. இலை காய்ந்து காகிதம் மாதிரி ஆனது. விழவும் இல்லை, அப்படியே ஒட்டிக்கொண்டு நின்றது. செத்துவிட்டது என்று நினைத்தேன். அன்று முழுவதும் நான் சமைக்கவில்லை. உன்னை இரண்டாவது தடவை விட்டுவிட்டதாகத் தோன்றியது.

சாயங்காலம் தொட்டியைக் கவிழ்க்கப் போனேன். அப்போதுதான் நீ நாற்றங்காலில் செய்வது கண்ணுக்கு முன்னால் வந்தது. ஒட்டுக் கட்டி மூன்று வாரம் கழித்துப் சுற்றின நாடாவைப் பிரித்து, மொட்டுக் கண் வைத்த இடத்தை நகத்தால் லேசாகக் கீறிப் பார்ப்பாய். பச்சையாக இருந்தால் உயிர் இருக்கிறது என்று அடுத்த கன்றுக்குப் போவாய். கல்யாணத்துக்கு முன்னால், தோட்டத்து லோரியில் உரம் இறக்க வந்த நான் அதைத்தான் பார்த்துக்கொண்டு நின்றேன் என்று உனக்குத் தெரியும். நானும் செடியின் தண்டைக் கட்டைவிரல் நகத்தால் கீறினேன். பச்சை.

தேவிக்குப் போன் போட்டேன். அவள் ஏதேதோ படித்துவிட்டுச் சொன்னாள். அந்த மரத்துக்கு இனி மொட்டு திறக்க வேண்டுமென்றால் மறுபடியும் ஒரு குளிர்காலம் வேண்டுமாம். அதன் சொந்த இடத்தில் மாதக்கணக்கில் பனி கிடக்குமாம். அது கிடைக்காவிட்டால் மொட்டு மூடியே கிடந்து, பிறகு காய்ந்துவிடுமாம். அப்படியானால் என்ன செய்வது என்று இரண்டு பேரும் யோசித்தோம். நான்தான் சொன்னேன், விதையை வைத்த இடத்திலேயே செடியையும் வைத்துவிட்டால் என்ன என்று.

"தொட்டியோடயாப்பா?"

"தொட்டியோடதான்."

தேவி சிரித்துவிட்டாள். நீ போன பிறகு அவள் சிரித்து அன்றுதான் கேட்டேன். பிரிட்ஜின் நடுத்தட்டைக் கழற்றி இரண்டு தொட்டிகளையும் உள்ளே நிறுத்தினேன். குழம்புச் சட்டிக்கு இடம் போய்விட்டது. அந்த நாலைந்து மாதமும் அன்றன்றைக்குச் சமைத்து அன்றன்றைக்கே சாப்பிட்டேன். நீ எத்தனை வருஷம் என்னிடம் அதைச் சொல்லியிருப்பாய்!

தையில் உன் வருஷத் திதி வந்தது. தேவி முதல் நாளே பினாங்கிலிருந்து வந்துவிட்டாள். உனக்குப் பிடித்த கருவாட்டுக் குழம்பு வைக்க முடியாதே, திதியாயிற்றே. வடை பாயசம் வைத்துப் படைத்துவிட்டு எழுந்தபோது கரண்ட் போய்விட்டது. எங்கள் தாமான் குடியிருப்பு வாசலில் இருந்த கரண்ட் பெட்டி வெடித்துவிட்டதாம். சாயங்காலம் ஆகும் என்றார்கள்.

கதவைத் திறக்காமல் இருந்தால் உள்ளே குளிர் நிற்கும் என்று தேவி சொன்னாள். நான் கேட்கவில்லை. நிற்கிறதா என்று பார்க்கவே நாலு தடவை திறந்துவிட்டேன். மதியம் இரண்டு மணிக்கு உள்ளே கைவைத்தால் வெளியே மாதிரியே இருந்தது. வீடு அடுப்பாகக் கொதித்தது. மொட்டு பாதித் தூக்கத்தில் விழித்துக்கொண்டால் அவ்வளவுதான் என்று தேவியிடம் புலம்பினேன்.

தேவி கார்ச் சாவியை எடுத்தாள். பசாரில் மீன்காரரிடம் பழைய மீன்பெட்டி ஒன்றும் மூன்று மூட்டை ஐஸும் வாங்கினோம். தொட்டிகளைப் பெட்டிக்குள் வைத்து, சுற்றிலும் ஐஸை அடைத்துப் பின்சீட்டில் ஏற்றினோம். ஏர்கோனை முழுசாகத் திருகிவிட்டு, சுண்ணாம்புமலை நிழல் விழும் பக்கமாகக் கொண்டுபோய்க் காரை நிறுத்தினோம். நானும் அவளும் முன்னால் உட்கார்ந்திருந்தோம். மீன் வாடை.

மலையைப் பார்த்துக்கொண்டே தேவி கேட்டாள். "அம்மா ஒங்ககிட்ட சொன்னாங்களாப்பா? முடியலன்னு?"

ஒரு வருஷமாக நான் காத்திருந்த கேள்வி. பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன், அஞ்சலை. உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது.

"சொன்னா. மூணு தடவ சொன்னா. வெயிலுன்னு சொல்லிட்டேன்."

அவள் திட்டுவாள் என்று குனிந்து உட்கார்ந்திருந்தேன். அவள் திட்டவில்லை. தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எங்கிட்டயும் சொன்னாங்கப்பா. போன்ல. ஓவர்டைம் முடிச்சிட்டுக் கூப்பிடுறேம்மான்னு வச்சிட்டேன். அப்புறம் கூப்பிடல."

உனக்கென்றால் ஏதாவது சொல்ல வந்திருக்கும். நான் அவள் தலையில் கை வைத்தேன். கைக்குழந்தையாக இருந்தபோது வைத்தது, அதற்குப் பிறகு வைத்த நினைவில்லை. அவள் தட்டிவிடவில்லை. இரண்டு பேரும் அழுதோம் என்றுதான் வைத்துக்கொள்ளேன். பிறகு அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டு பின்னால் திரும்பினாள்.

"ஐஸ் பத்துமாப்பா?"

இன்னும் ஒரு மூட்டை வாங்கினோம். ஐந்து மணிக்குக் கரண்ட் வந்தது.

மாசி முடிந்து தொட்டிகளை வெளியே எடுத்தேன். தினமும் காலையில் போய்ப் பார்ப்பேன். அதன் மொட்டு பென்சில் சீவின மாதிரி நீளமாகக் கூர்மையாக இருக்கும், மேலே பழுப்புச் செதில் மூடியிருக்கும். பத்து நாள், பன்னிரண்டு நாள். ஒன்றுமில்லை. ஒன்றைக் கீறினேன், உள்ளேயும் பழுப்பு. அது போய்விட்டது. மற்றதைக் கீற எனக்குத் தைரியம் வரவில்லை.

பதினாறாம் நாள் செதில் விரிந்திருந்தது. உள்ளே இலை விசிறி மடித்தது போல மடிப்பு மடிப்பாக இருந்தது. ஓரத்தில் பட்டு மாதிரி வெள்ளை ரோமம். சாயங்காலத்துக்குள் ஒரு இலை பிரிந்துவிட்டது. அவ்வளவு இளம்பச்சையை நான் இந்த ஊரில் பார்த்ததில்லை. வெளிச்சம் அதற்குள்ளேயே நுழைந்து மறுபக்கம் வந்தது. உன் படத்தைக் கழற்றி எடுத்து வந்து குளியலறைச் சுவரோரம் காட்டினேன். எதிர்வீட்டு அக்கா பார்த்தாள். இந்த முறை ஒன்றும் கேட்கவில்லை.

அடுத்த செய்தி. சித்திரையில் தேவியின் பேக்டரி அவளை மூன்று மாதப் பயிற்சிக்கு ஜப்பானுக்கு அனுப்பியது. வடக்கே, பனி விழும் பக்கம். போகும்போது, "அப்பா, ஒங்களுக்கு அங்கேயிருந்து என்ன வேணும்?" என்று கேட்டாள். விதை, செடி எதையும் கொண்டுவரக் கூடாது. பார்த்துவிட்டு வந்து சொல்லு, போதும் என்றேன்.

வைகாசிப் பிறப்பில் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் கூப்பிட்டாள். அவளோடு வேலை செய்யும் ஒரு ஜப்பான்காரப் பெண் தன் காரில் அவளை மலைக்குக் கூட்டிப் போயிருந்தாள். "பாருங்கப்பா" என்று சொல்லிவிட்டுத் தேவி போனைத் திருப்பினாள்.

முழுக்கப் புனா, அஞ்சலை. கண்ணுக்கு எட்டின தூரம் வரைக்கும். சாம்பல் வெள்ளையில் வழவழவென்று மரம், அதில் பாசி படிந்து தேமல் தேமலாக. மேலே நம் தொட்டியில் இருந்த அதே இளம்பச்சை, ஆனால் வானம் முழுக்க. கீழே இன்னும் பனி கிடந்தது. ஒவ்வொரு மரத்தையும் சுற்றி மட்டும் பனி உருகி, வட்டமாகக் குழி விட்டிருந்தது. மரத்துக்கு உடம்புச் சூடு இருப்பது போல.

அந்தப் பெண் சொன்னதைத் தேவி எனக்குத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள். பனி ஆளுயரத்துக்கு மேல் விழும் இடமாம் அது. சின்னச் செடிகள் அந்தப் பாரத்தை எதிர்த்து நிற்காதாம். படுத்துக்கொள்ளுமாம். பனிக்கு அடியில் படுத்துக் கிடப்பதால் காற்றும் கடுங்குளிரும் அதை ஒன்றும் செய்யாதாம். பனி உருகினால் மெல்ல நிமிருமாம். அதனால்தான் பெரிய மரத்துக்கும் அடிப்பக்கம் வளைந்திருக்கிறது என்று ஒரு மரத்தைக் காட்டினாள். யானை முன்காலை மடக்கிய மாதிரி இருந்தது. சில வருஷம்தான் நிறையக் காய்க்குமாம், மற்ற வருஷமெல்லாம் பேருக்குத்தானாம். காய்க்கிற வருஷத்தில் கரடிகள் மரமேறித் தின்னுமாம். தண்டில் நகக்கீறல் இருந்தது.

நான் நம் தொட்டியைத் தூக்கிப் போனுக்கு நேராகக் காட்டினேன். அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். பிறகு கிட்டே வந்து ரொம்ப நேரம் பார்த்தாள். எங்கே இருக்கிறது என்று கேட்டாளாம். எங்கள் குளியலறைப் பக்கத்தில் என்று தேவி சொல்லியிருக்கிறாள். அவள் போனைப் பார்த்துத் தலைகுனிந்து வணங்கினாள். எனக்கா, உனக்கா, செடிக்கா என்று தெரியவில்லை.

பேச வேண்டாம், சும்மா பிடித்துக்கொண்டு நில்லு என்று தேவியிடம் சொன்னேன். நின்றாள். கீழே எங்கேயோ தண்ணீர் ஓடுகிற சத்தம். உதிர்ந்த இலை மெத்தை மாதிரி கிடந்து அந்தத் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளுமாம். இங்கே எனக்கு முதுகில் வியர்வை வழிந்தது.

அன்றைக்கு முழுவதும் ஒன்றையே யோசித்தேன். அங்கே அது ஆயிரம் பேரோடு நிற்கிற மரம். இங்கே ஒற்றை. இந்தத் தொட்டியில் அது எத்தனை வருஷம் தாங்கும்? இங்கே காய்க்குமா? கரடி வருமா? இது இந்த ஊரில் பெரிய மரமாகாது என்று உனக்குத் தெரியாமல் இருந்திருக்காது. ஆயிரக்கணக்கில் ஒட்டுக் கட்டியவள் நீ. தெரிந்தும் ஏன் வைத்தாய்? முளைக்கிறதைப் பார்த்தால் போதும் என்றுதானா?

பதில் எனக்குத் தெரியாது. ஆனால் இப்போதைக்கு ஒரு ஏற்பாடு நடக்கிறது. தவுக்கேயின் தம்பிக்குக் கேமரன்மலையில் கீரைத் தோட்டம் இருக்கிறது. அடுத்த மாதம் செடியை அங்கே கொண்டுபோகிறோம். மேலே வெயில் இப்படிச் சுடாது. குளிர்காலத்துக்கு மட்டும் கீழே இறங்கி நம் வீட்டு பிரிட்ஜுக்கு வரும், ஹாஸ்டல் பிள்ளை லீவுக்கு வருகிற மாதிரி. தவுக்கே மறுபடியும் விதை வரவழைத்திருக்கிறார். நீ எத்தனை மாதம் வைத்தாய், மணலில் எவ்வளவு ஈரம் என்று என்னைக் கூப்பிட்டுக் கேட்டு எழுதிக்கொண்டார். கடையில் அவர் குளிர்பானம் வைத்திருந்த பெட்டியில் இப்போது முழுக்க டப்பாக்கள்தான். இந்த முறை நூறு விதை. நம் ஒற்றைச் செடிக்குத் துணை கிடைக்கும்.

நானும் வாரத்தில் மூன்று காலை அந்தக் கடைக்குப் போய்த் தண்ணீர் ஊற்றுகிறேன். நீ செய்த வேலைதான். கஷ்டமான வேலை, அஞ்சலை. தொட்டி கனக்கிறது.

தேவி போன வாரம் திரும்பி வந்தாள். வந்ததும் என்னைக் கூட்டிக்கொண்டு பாஸ்போர்ட் ஆபீசுக்குப் போனாள். தீபாவளி கழிந்து, அவளுக்கு லீவு கிடைத்ததும் இரண்டு பேரும் போகிறோம். அப்போதுதான் அங்கே இலை பழுத்து விழுமாம். நான் இதுவரை விமானத்தில் ஏறியதில்லை. உனக்கு மட்டும் தெரிந்த விஷயம் ஒன்று, எனக்கு உயரம் பயம். தேவியிடம் சொல்லவில்லை.

கவுண்டரில் இருந்த மலாய்க்காரப் பையன் விரல்ரேகை எடுத்துக்கொண்டே, பாக்சிக் என்று மரியாதையாகக் கூப்பிட்டு, எந்த ஊருக்கு என்று கேட்டான். ஜப்பானுக்கு என்றேன். அங்கே மகள் இருக்கிறாளா, வேலையா, சுற்றிப் பார்க்கவா என்று கேட்டான். மரம் பார்க்க என்றேன். அவன் சிரித்தான். அவ்வளவு தூரம் போய் மரமா பார்ப்பீர்கள் என்றான்.

"இஸ்தெரி சாயா புஞா பொக்கோ" என்றேன். என் மனைவியுடைய மரம் என்று. அவன் சிரிப்பை நிறுத்தினான். பிறகு என் விரலைத் தானே மெதுவாகப் பிடித்து, கண்ணாடிமேல் சரியாக வைத்து அழுத்தினான்.

உன்னோடு எங்கே போனாலும் நான் பத்து நிமிஷத்துக்கு மேல் நின்றதில்லை. பூந்தோட்டமானாலும் கோயிலானாலும் பஸ் சாவியைக் கையில் ஆட்டிக்கொண்டே, போலாம் புள்ள, போலாம் புள்ள என்று உன்னை இழுத்துக்கொண்டே வருவேன். ஓட்டுநர் புத்தி. நீ பாதிப் பார்வையிலேயே திரும்பி வந்துவிடுவாய். அந்தக் காட்டில் அப்படிச் செய்ய மாட்டேன். வளைந்த மரம் ஒன்றின் அடியில் உட்காருவேன். நீ உட்கார்ந்திருந்தால் எவ்வளவு நேரம் இருப்பாயோ, அவ்வளவு நேரம் இருப்பேன். இலை என்மேல் விழட்டும். தேவி எழுந்திருக்கும் வரைக்கும் போலாம் என்ற வார்த்தை என் வாயிலிருந்து வராது. இது உனக்கு நான் கொடுக்கும் வாக்கு.

உன் வீட்டுக்காரன்,
தேவியின் அப்பா,
ரெங்கசாமி